மேற்படி பெர்க்மான்ஸ்

சார், பேனா இருக்கா? சட்டப்பையில தெரியுதே, அதான் கேட்டேன். பேனாவ மட்டும் குடுத்தாப் பத்தாது, நீங்களே எழுதியும் தரணும். இந்தா பாருங்க என் கைய. முழங்கையிலேருந்து விரல் வரைக்கும் மாவுக்கட்டு. இடது கையால எழுதிப் பாத்தேன், கோழி கிறுக்குன மாதிரி இருக்கு. அத எவன் படிப்பான்?

தாள் நானே வச்சிருக்கேன். நாலு வெள்ளத் தாள், முழுசு. பஸ் குலுங்கினாலும் பரவால்ல, புரியுற மாதிரி இருந்தாப் போதும். ஒரு மணிக்குள்ள இத நான் பாளையங்கோட்டை லீக் ஆபீஸ்ல குடுத்தாகணும். பைனல் முடிஞ்சு மூணு நாளைக்குள்ள புகார் குடுக்கணும்னு சட்டம் இருக்கு. ஞாயித்துக்கிழமை பைனல் முடிஞ்சுது. இன்னைக்குப் புதன். இன்னைக்கு விட்டா அஞ்சு வருசமா நான் நின்ன எடத்துல நாளைக்கு அவன் நிப்பான். அத என் உசுரு இருக்குற வரைக்கும் பாக்க மாட்டேன் சார்.

எழுதுங்க. அனுப்புநர், ஊர்க்காவலன், பயிற்சியாளர், கரிசல் காளைகள் கபடி அணி, கோவில்பட்டி. பெறுநர், செயலாளர் அவர்கள். பொருள் எழுதிருங்க, அதுதான் முக்கியம். பெர்க்மான்ஸ் என்பவரை ஆயுள் முழுவதும் தடை செய்யக் கோருதல். ஆயுள்னு அழுத்தி எழுதுங்க. ரெண்டு வருசம் மூணு வருசம்னு குடுத்துட்டு விட்டுருவானுக, அதுக்குத்தான் சொல்லுதேன்.

பயிற்சியாளர்னு போட்டது சரிதானான்னு கேட்டீங்கன்னா, திங்கக்கிழமை காலம்பற வரைக்கும் சரி. அதுக்கப்புறம் முதலாளி வேற சொல்லிட்டாரு. அது கெடக்கட்டும், பயிற்சியாளர்னே இருக்கட்டும்.

யாரு இந்த பெர்க்மான்ஸ்னு உங்களுக்குத் தெரிய வேண்டாமா? தெரியாம எழுதினா வேகம் வராது. சொல்லுதேன். நீங்க கபடி பாப்பீங்களா? டிவியில பாப்பீங்க. எங்களது அந்த அளவு பெருசு இல்ல. தெக்கு ஜில்லா ஆளுக நடத்துற லீக்கு, எட்டு டீமு, டீமுக்கு ஒரு முதலாளி. ஆனா சம்பளம் குடுத்து ஏலத்துல ஆள் எடுக்குற லீக்குதான். எங்க முதலாளி வரதராசு அண்ணாச்சிக்கு தீப்பெட்டி ஆபீஸ் மூணு இருக்கு. லீக்குல மொத நாலு எடத்துல வந்தா நாக்-அவுட்டுக்குப் போகலாம். செமி பைனல், பைனல், அவ்வளவுதான். அந்த ரெண்டு மேட்ச்சுக்குத்தான் சார் வருசம் பூரா நாக்கத் தொங்கப் போட்டுக்கிட்டு ஓடுறது.

லீக்கு ஆரம்பிச்சுப் பத்து வருசம் ஆச்சு. ஏழு தடவ நாங்க நாக்-அவுட்டுக்குப் போயிருக்கோம். எந்த டீமும் அத்தன தடவ போனதில்ல, எழுதி வச்சிக்கிடுங்க. கப்பு எத்தனன்னு கேக்காதீங்க. மொத வருசம் செமியில தோத்தோம், புது டீமு, விடுங்க. ரெண்டாவது வருசம் பைனல். அதத் தனியாச் சொல்லணும், அதுலதான் என் கதையே இருக்கு. நாலாவது வருசம் செமியில இருபத்தேழு புள்ளி வித்தியாசம், அத நெனச்சா இப்பவும் எனக்குக் காது சுடும். அஞ்சாவது வருசம் மேட்ச்சுக்கு மொத நாள் ராத்திரி எவனோ பேச்சக் கேட்டு எல்லாரும் கெட்டுப் போன கறியத் தின்னுட்டு, மறுநாள் ஏழு பேருல நாலு பேரு மைதானத்த விட கக்கூஸ்லதான் கூடுதல் நேரம் இருந்தானுக. யாரு பேச்சுன்னு இப்ப எதுக்கு, கட வச்சிருந்தது என் மச்சினன். ஏழாவது வருசம் பைனல், தோல்வி. ஒம்பதாவது வருசம் செமி, தோல்வி. நடுவுல ஒரு வருசம் கொரோனா வந்து லீக்கே நடக்கல. அந்த ஒரு வருசந்தான் சார் நான் நிம்மதியா இருந்தது.

தோத்ததுல பாதிக்கு மேல ஒரே டீமுகிட்ட. கரையோரச் சுறாக்கள்னு, தூத்துக்குடி டீமு. அந்த டீமோட லெஃப்ட் கார்னர்தான் இந்த பெர்க்மான்ஸ்.

கார்னர்னா, நம்ம ஆளு பாடிக்கிட்டு உள்ள போவாம்லா, அவன் காலப் புடிக்க மூலையில நிக்கிறவன். காலப் புடிக்கவே பொறந்தவன் சார் அவன். புடிச்சா ஒடும்பு. அத நான் ஒத்துக்கிடுதேன். ஆனா அவனுக்குப் பேரு வந்தது அதுக்கு இல்ல. கை தூக்குறதுக்கு.

கபடியில ஒண்ணு உண்டு. பாடி வர்றவன் நம்மள லேசாத் தொட்டுட்டு ஓடிருவான். வெரல் நுனி, கால் நகம், அவ்வளவுதான் படும். அம்பயருக்குத் தெரியாது. பட்டவனுக்குத் தெரியும். நல்ல ஆட்டக்காரன்னா அவனே கையத் தூக்கிட்டு வெளிய போயிரணும். யாரு போறா? நான் ஆடுன காலத்துல அம்பயர் விசில் அடிச்சு, வெரல நீட்டி, ஏ வெளிய போன்னு வைஞ்சாத்தான் போவேன். எல்லாரும் அப்படித்தான். இவன் ஒருத்தன்தான் பட்ட ஒடனே கையத் தூக்கிருவான். அம்பயர் எதிர்ப்பக்கம் பாத்துக்கிட்டு இருந்தாக்கூட தூக்கிருவான். ஊர் பூரா அதே பேச்சு. பெர்க்மான்ஸ் கை தூக்கலையா, அப்பம் படல. அம்பயருகளே அப்படித்தான் தீர்ப்பு சொல்லுவாங்க. அவன் மூஞ்சியப் பாத்துட்டு விசில் அடிச்ச ஆளுகள நான் பாத்துருக்கேன்.

இப்ப ரெண்டாவது வருசத்துக்கு வாரேன். அப்பம் நான்தான் எங்க டீமோட மொத ரைடரு. பாடப் போறதே நான்தான். பைனலுக்கு நாலு நாள் முந்தி லீக்குல அவங்ககூடவே ஒரு மேட்ச் இருந்துச்சு. அதுல இவன் என் காலப் புடிச்சுட்டான். நான் திமிறுதேன், விட மாட்டேங்கான். சரின்னு இன்னொரு கால வச்சு அவன் பாதத்துல ஒரு மிதி. வேணும்னேதான் மிதிச்சேன், உங்ககிட்ட என்ன மறைக்க. குதிகாலு பிசகி வீங்கிருச்சு. ஆட்டம்னா அப்படித்தான் சார் இருக்கும். பூப்பறிக்கவா போனோம்?

பைனல் அன்னைக்கு அவன் காலுல வெள்ளத் துணி சுத்தி, ஊசி போட்டு எறங்கிட்டான். நொண்டக்கூட இல்ல. கடைசி ரைடு. அவங்க ஒரு புள்ளி முன்னால. நான் ஒருத்தனத் தொட்டுட்டு வந்தா சமம், அதுக்கப்புறம் கூடுதல் நேரம் குடுப்பாங்க, அதுல நாங்கதான் ஜெயிப்போம், ஏன்னா அவங்க மூச்சு வாங்கிக்கிட்டு நிக்கிறானுக. நான் பாடிக்கிட்டுப் போயி, திரும்புற மாதிரி திரும்பி, பின்னங்கால நீட்டி இவன் குதிகால்ல ஒரு தட்டு. பட்டுச்சு சார். துணி மேல பட்டுச்சு. அந்தத் துணியோட சொரசொரப்பு இந்தா இந்தப் பெருவெரல்ல இப்பவும் இருக்கு. கோட்டுக்கு வந்துட்டேன். கையத் தூக்கிக் குதிக்கேன். அம்பயர் இவனப் பாக்காரு. இவன் கை தூக்கல. மரம் மாதிரி நிக்கான். அம்பயர் ரெண்டு கையையும் விரிச்சுட்டாரு. புள்ளி இல்ல.

ஊருக்கெல்லாம் கை தூக்குற யோக்கியன், எனக்கு மட்டும் தூக்கல.

அன்னைக்கு சென்னையிலேருந்து ஒரு பெரிய கம்பெனி ஆளுக வந்து உக்காந்துருந்தாங்க, அவங்க டீமுக்கு ரைடர் எடுக்க. எடுத்தா கம்பெனியிலயே வேலையும் போட்டுக் குடுப்பாங்க. ஜெயிச்ச டீமு ரைடரக் கூட்டிக்கிட்டுப் போயிட்டாங்க. நான் மறுவாரம் தீப்பெட்டி ஆபீஸ்ல குச்சி மூட்ட எண்ணப் போனேன். பட்டத படலைன்னு சாதிக்கிறவன் மனுசனா சார்? அவன் கை அழுகாதா? எட்டு வருசம். எட்டு வருசம் கருவிக்கிட்டே இருந்தேன். சோத்துல கை வச்சா அவன் மூஞ்சி. என் பொஞ்சாதி கோமதி சொல்லுவா, நீங்க தாலி கட்டுனது எனக்கா, பெர்க்மான்ஸுக்காம்பா. அவ கேலி பண்ணுவா. எனக்கு வயிறு எரியும்.

எழுதுனீங்களா அது வரைக்கும்? ஓ, எழுதலியா. கத கேட்டுக்கிட்டே இருந்துட்டீங்க. பரவால்ல, கயத்தாறு இன்னும் வரல. மேற்படி பெர்க்மான்ஸ் என்பவர், அப்படின்னு ஆரம்பிங்க. மேற்படி பெர்க்மான்ஸ் என்பவர் எட்டு ஆண்டுகளாக எங்கள் அணி மீது வஞ்சம் வைத்து... ஆமா, வஞ்சம் வச்சது அவன்தான். எழுதுங்க.

இந்த வருசம் ஏலம். திருநவேலியில ஒரு கல்யாண மண்டபத்துல நடந்துச்சு. சுறாக்கள் இவன விட்டுட்டாங்க. முப்பத்தி நாலு வயசு, எவன் எடுப்பான்? திரையில இவன் போட்டோ வருது, பேரு வாசிக்காங்க, ஒரு பய போர்டத் தூக்கல. மண்டபத்துல ஓரமா நாற்காலி போட்டு இவன் உக்காந்துருக்கான். எட்டு வருசமா நான் எதிர்பாத்த மூஞ்சி சார் அது. தொங்கிப் போன மூஞ்சி. அப்படியே விட்டுருக்கலாம், அன்னைக்கே அவன் கத முடிஞ்சிருக்கும். ஆனா எனக்கு ஒரு யோசன வந்துச்சு. இவன் வீட்டுக்குப் போனா நிம்மதியா வல பின்னிக்கிட்டு இருப்பான். அது எனக்குப் பத்தாது. இவன் என் கண்ணு முன்னால இருக்கணும். கபடி நடக்குற எடத்துல இருக்கணும், கபடி ஆடக் கூடாது.

அண்ணாச்சி கேட்டாரு, இந்த வயசான ஆளு நமக்கு எதுக்குவேன்னு. அனுபவம் அண்ணாச்சின்னேன். போர்டத் தூக்கினேன். அடிமட்ட வெலைக்கு அவன் எங்க ஆளாயிட்டான். அங்ஙனருந்தே எந்திரிச்சு என்னயப் பாத்துக் கும்பிடுதான். கண்ணு கலங்கிருக்கு. கும்பிடு ராசா, நல்லாக் கும்பிடுன்னு நெனச்சேன்.

பதினாலு லீக் மேட்ச் சார். ஒரு நிமிசம் மைதானத்துல கால் வைக்க விடல. ட்ரெஸ் மாட்டிக்கிட்டு, காலுக்குத் துணி சுத்திக்கிட்டு, மொத மேட்ச்ல தயாரா வந்து உக்காந்தான். உக்காருன்னேன். ரெண்டாவது மேட்ச்சும் உக்காருன்னேன். அஞ்சாவது மேட்ச்சுல தண்ணி பாட்டில் தூக்கச் சொன்னேன். தூக்குனான். ஈரத் துண்டு கொண்டாந்து குடுக்கச் சொன்னேன். குடுத்தான். மேட்ச் முடிஞ்சு ரப்பர் மேட்டச் சுருட்டி லாரியில ஏத்தணும், அதுக்குக் கூலி ஆளு உண்டு, அவங்களோட சேந்து இவனும் சுருட்டுன்னேன். சுருட்டுனான். சண்டைக்கு வருவான், ஒரு வார்த்த பேசுவான், அதச் சாக்கா வச்சு அவமானப்படுத்தி அனுப்பலாம்னு பாத்தா, பாவி, வாயத் தொறக்க மாட்டேங்கான். அது போதாதுன்னு காலம்பற பயிற்சியில எங்க கார்னர் பையங்களுக்கு எப்படிக் காலப் புடிக்கணும்னு ஓரமா நின்னு சொல்லிக் குடுத்துக்கிட்டு இருக்கான். அதுக்கப்புறம் அவனுகளும் நல்லாத்தான் புடிச்சானுக. லீக்குல மொத எடம் வந்தோம். பத்து வருசத்துல மொத தடவ. என் பயிற்சி அப்படி.

ரெண்டாவது வாரம்னு நெனைக்கேன். நான் தனியா டீ குடிச்சிக்கிட்டு இருக்கேன், பக்கத்துல வந்து நின்னான். அண்ணேன்னான். என்னலேன்னேன். அண்ணே, அன்னைக்கு பைனல்ல எனக்கு காலு மரத்துப் போறதுக்கு ஊசி போட்டுருந்தாங்க, முட்டிக்குக் கீழ கட்ட மாதிரி இருந்துச்சு, நீங்க தட்டியிருந்தா எனக்குத் தெரிஞ்சிருக்காது, நீங்க அப்படிக் குதிச்சதப் பாத்தா பட்டுத்தான் இருக்கும்னு அப்புறம் தோணுச்சு, மன்னிச்சிருங்கண்ணேங்கான்.

பாத்தீங்களா! ஒத்துக்கிட்டான்! பட்டுச்சுன்னு அவன் வாயாலயே ஒத்துக்கிட்டான் சார்!

வீட்டுக்கு ஓடிப் போயி கோமதிகிட்டச் சொன்னேன். பாத்தியாட்டி, எட்டு வருசமா என்னயக் கோட்டிக்காரன்னியே, இப்பம் என்ன சொல்லுதேன்னேன். அவ அரிசி களஞ்சிக்கிட்டு இருந்தவ, கைய ஒதறிட்டு என்னயப் பாத்துக் கேக்கா, அவனுக்கு ஊசி போடுற மாதிரி கால மிதிச்சது யாருங்கா. அப்பம் ஒங்க வேலையக் கெடுத்தது ஒங்க காலுதானங்கா. பொம்பளைக்குக் கபடியில என்ன சார் தெரியும்? லேபிள் ஒட்டுற எடத்துல நாலு பேரு கூடி எதையாவது பேசுறது, வீட்டுல வந்து அத எடுத்து விடுறது. நான் சாப்பிடாமப் படுத்துட்டேன்.

ஒத்துக்கிட்டவன மன்னிச்சிருக்கலாமேங்கீங்க. அட போங்க சார். தப்பே செய்யலைன்னு சொல்லுறவன வெறும் பயன்னு விடலாம். தப்பு செஞ்சுட்டேன்னு சொல்லுறவன எப்படி விடுறது? இன்னும் இறுக்குனேன். செமி பைனல்லயும் எறக்கல. மாத்து ஆட்டக்காரங்க பட்டியல்ல மட்டும் பேரு இருக்கும். வீட்டுலேருந்து அவன் பொண்டாட்டியும் ரெண்டு பிள்ளைகளும் அப்பா ஆடுவாருன்னு பஸ் ஏறி வந்து உக்காந்துருந்துச்சுக. அவங்க முன்னாலதான் தண்ணி பாட்டில் தூக்க விட்டேன். செமி ஜெயிச்சோம். எனக்கு அன்னைக்கு ரெட்டச் சந்தோசம்.

ஞாயித்துக்கிழமை. பைனல். எதிர்ல யாரு? அதே சுறாக்கள். சாமி கண்ணத் தொறந்துருச்சுன்னு நெனச்சேன். அவன் பழைய டீம அவன் கண்ணு முன்னால, அவனில்லாமலே அடிக்கப் போறேன். அப்பம் அவன் மூஞ்சி எப்படி இருக்கும்? அதப் பாக்குறதுக்கே அவன என் நாற்காலிக்குப் பக்கத்துலயே உக்கார வச்சேன்.

லீக்குல ஒரு சட்டம் உண்டு சார், இதக் கவனிச்சிக்கிடுங்க. பைனல் சமமா முடிஞ்சா லீக்குல மேல வந்த டீமுக்குத்தான் கப்பு. முன்ன மாதிரி கூடுதல் நேரம்லாம் இப்பம் கெடையாது. மேல வந்தது நாங்க. அதனால எங்களுக்குச் சமம் வந்தாப் போதும்.

ஆட்டம் முடிய ஆறு நிமிசம். நாங்க அஞ்சு புள்ளி பின்னால. எங்க லெஃப்ட் கார்னர் தவசிக்கு தோள்பட்ட எறங்கிருச்சு. வலியில கத்துதான், தூக்கிக்கிட்டுப் போறாங்க. மாத்து ஆளு யாரு? பட்டியல்ல கார்னர் ஆடுறவன் ஒருத்தன்தான். நான் ஒரு ரைடரக் கார்னர்ல நிப்பாட்டினேன். அடுத்த ரைடுலயே அவன் அவுட்டு. ஜனம் கத்துது, பெர்க்மான்ஸ் பெர்க்மான்ஸ்னு. எங்க ஊரு ஜனம் சார்! கோவில்பட்டிக்காரன் வாயில பெர்க்மான்ஸ்! வரதராசு அண்ணாச்சி மேல உக்காந்துருந்தவரு வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு எறங்கி வந்து என் காதுகிட்டச் சொன்னாரு, ஊர்க்காவலா, இப்பம் அவன எறக்கல, உம்ம நான் எறக்கிருவேன்னாரு.

எறக்கினேன். பல்லக் கடிச்சிக்கிட்டு எறக்கினேன்.

என்னத்தப் பெருசா செஞ்சான்? மூணு பேரு காலப் புடிச்சான். அவ்வளவுதான். அதுல ஒண்ணு தனியா நின்னு. பாக்கிப் புள்ளியெல்லாம் எங்க பையங்க எடுத்தது. முப்பது முப்பது. சமம். ஒரே ஒரு ரைடு பாக்கி, அது அவங்க ரைடு. அவன் சும்மாத் திரும்பிப் போனா கப்பு எங்களுக்கு. பத்து வருசம் சார். ஏழு நாக்-அவுட்டு.

அவங்க ரைடர் பாடிக்கிட்டு வாரான். எடதும் வலதும் ஆடுதான். எங்க பையங்க ஒதுங்குதானுக, நான் சொல்லிக் குடுத்த மாதிரி. நேரம் முடியப் போகுது. அவன் பெர்க்மான்ஸ் பக்கம் திரும்பி, பின்னால கால ஒரு வீசு வீசிட்டு ஓடிட்டான். விசில். அம்பயர் வலது பக்கம் நின்னாரு, பாக்கல. கோட்டு அம்பயர் கோட்டப் பாத்துக்கிட்டு இருந்தாரு. ஆடுனவனே தலையத் தொங்கப் போட்டுக்கிட்டுத்தான் போறான், அவனுக்கே ஒண்ணும் தெரியல. வீடியோவுல போட்டுப் பாக்குற வசதியெல்லாம் நம்ம லீக்குல கெடையாது. அம்பயர் ரெண்டு கையையும் விரிச்சுட்டாரு. புள்ளி இல்ல. முடிஞ்சுது! கப்பு எங்களுக்கு! தவசி ஒத்தக் கையோட ஓடி வாரான். அண்ணாச்சி என்னயக் கட்டிப் புடிச்சுட்டாரு. நான் அழுதுட்டேன் சார், வெக்கத்த விட்டுச் சொல்லுதேன்.

திடீர்னு சத்தம் அடங்கிருச்சு. என்னன்னு திரும்பிப் பாக்கேன். அவன் மூலையில நின்ன எடத்துலயே நிக்கான். வலது கையி மேல.

அம்பயர் பக்கத்துல போயி என்னப்பாங்காரு. பட்டுச்சு சார், குதிகால்லங்கான்.

முப்பத்தொண்ணு முப்பது.

பாஞ்சேன் சார். நாலு பேரு சேந்து என்னயப் புடிச்சானுக. அன்னைக்குத் தூக்காத கைய இன்னைக்கு எதுக்குல தூக்குனேன்னு கத்துதேன். தொண்ட கிழியக் கத்துதேன். அவன் என்னயப் பாத்து, இன்னைக்குத் தெரிஞ்சுதுண்ணேங்கான். சாதாரணமாச் சொல்லுதான், டீ ஆறிப் போச்சுங்குற மாதிரி. அவன அடிக்க விட மாட்டேங்கானுக, அந்தால பக்கத்துல நின்ன இரும்புத் தூணுல விட்டேன் ஒரு குத்து. அதான் இந்தக் கட்டு.

மறுநாள் அண்ணாச்சி கூப்புட்டு விட்டாரு. ஆறு நிமிசத்துல மூணு பேரப் புடிக்கிறவன பதினஞ்சு மேட்ச் எதுக்குவே உக்கார வச்சீருன்னாரு. நான் சொன்னேன், அண்ணாச்சி, அவன் கப்ப பழைய டீமுக்குத் தார வாத்துட்டான், அதப் பேசுங்கன்னேன். கப்பு இல்லாம பத்து வருசம் இருந்துட்டோம், இன்னொரு வருசம் இருந்துக்கிடலாம், வியாழக்கெழமையிலேருந்து பெர்க்மான்ஸ்தான் கோச், உமக்கு ஆபீஸ்ல பழைய வேல இருக்குன்னாரு. குச்சி மூட்ட சார்! மறுபடியும் குச்சி மூட்ட! எட்டு வருசத்துக்கு முந்தி அவன் கை தூக்காததுனால மூட்ட எண்ணினேன், இப்பம் தூக்குனதுனால எண்ணணும்!

கங்கைகொண்டான் வந்துருச்சு. வேகமா எழுதுங்க சார். சட்டப் புத்தகத்துல பன்னெண்டாவது விதி. வேண்டுமென்றே எதிரணிக்குப் புள்ளி வழங்குபவரை ஆயுள் முழுவதும் தடை செய்யலாம். நான் வரி வரியாப் படிச்சுட்டுத்தான் வந்துருக்கேன். அவன் சுறாக்கள்ல ஒம்பது வருசம் ஆடுனவன், பழைய விசுவாசம், வெலைக்குப் போயிட்டான்னு எழுதினா அப்படியே ஒட்டும்.

என்ன கேக்கீங்க? உண்மையிலேயே பட்டுச்சா படலியாவா?

பட்டுச்சு. நான் பாத்தேன்லா. என் நாற்காலிக்கு நேரே, ஆறடி தூரத்துல. ரைடரோட சுண்டு வெரல் அவன் குதிகால லேசா ஒரசிட்டுப் போச்சு. மைதானத்துலயே அதப் பாத்தது நான் ஒருத்தன்தான்.

அம்பயர்கிட்ட நான் சொன்னேனாவா? நான் எதுக்கு சார் சொல்லணும்? அது என் வேலையா? நல்லாக் கேட்டீங்க போங்க.

இல்ல சார், பட்டுச்சுன்னு எழுதினா மனு நிக்காது. நீங்க படிச்சவரு, உங்களுக்குத் தெரியாதா? படாததுக்குக் கை தூக்கினாத்தான் அது பன்னெண்டாவது விதி. அதுக்கு நேர்ல பாத்த சாட்சி ஒண்ணு வேணும். சாட்சி நான்தான். எழுதுங்க. மேற்படி ஆட்டத்தின் கடைசி ரைடில் மேற்படி பெர்க்மான்ஸ் மீது எதிரணி வீரரின் கால் படவில்லை. படவில்லைங்குறதுக்குக் கீழ ஒரு கோடு போடுங்க. ஆறடி தூரத்தில் நின்று என் இரண்டு கண்களாலும் பார்த்தேன் என்று உறுதி கூறுகிறேன்.

என்ன சார், நிறுத்திட்டீங்க? மை தீந்துருச்சா?

எழுதுங்க சார். கையெழுத்து நான்தான போடப் போறேன், உங்களுக்கு என்ன வந்துச்சு?